இசைத் தோழர் எம்.பி. சீனிவாசன்

(விருத்தாசலத்தில் பீங்கான் தொழிலாளர் குடும்பங்களின் சேர்ந்திசைக் குழுத் தொடக்க நாளில் நிகழ்த்திய உரை)



உங்கள் ஊரில் சேர்ந்து பாடுவதற்கு ஒரு குழு அமைக்கிறீர்கள். அதைத் தொடங்கி வைத்துப் பேச வேண்டும் என்று நம்மை அழைத்தார்கள். இத்தாலி நாட்டின் சினிமா இசையமைப்பாளர் எனியோ மோரிக்கோனேயைப் பற்றிப் பேசினால் நன்றாயிருக்கும் என்று ஓர் இளைஞர் யோசனை சொன்னார். நல்ல யோசனைதான். பிரெஞ்சு ஏகாதிபத்தியத்தை எதிர்த்து அல்ஜீரிய மக்கள் நடத்திய போராட்டத்தைச் சொல்லும் 'அல்ஜியர்ஸ் போர்' என்ற படத்துக்கு 1966-ல் இசை அமைத்தவர் அவர். 2020-ல் காலமாகும் வரை நூற்றுக்கணக்கான படங்களுக்கு இசை தந்தவர். ஆனால், ரோமாபுரி வரை போவதற்கு முன்னால் நம் சொந்த வீட்டில் ஒரு மனிதர் இருந்தாரே, அவரைப் பற்றி நம் பிள்ளைகளுக்கு யார் சொன்னார்கள்? அதனால் இன்றைக்கு எம்.பி. சீனிவாசனைப் பற்றிப் பேசுவோம். எம்.பி.எஸ். என்ற மூன்றெழுத்தால் அறியப்பட்டவர் அவர்.

இங்கே வரும் வழியில் டீக்கடையில் ஒரு பெரியவர் நம்மை நிறுத்தினார். சூளையில் வெந்த கை என்பது பார்த்தவுடனே தெரிந்தது. "பாதி நாளு சூளை அணைஞ்சு கெடக்குது. இந்த நேரத்துல பாட்டு எதுக்குங்க தோழரே?" என்று கேட்டார். அவர் குத்தலாகக் கேட்கவில்லை. நெஞ்சறியக் கேட்டார். அந்தக் கேள்விக்குச் சட்டென்று பதில் சொல்ல நமக்கு நா எழவில்லை. எம்.பி.எஸ்ஸின் வாழ்க்கையைச் சொல்லிக்கொண்டே போவோம். அந்தக் கேள்வியும் நம்மோடு கூடவே வரட்டும்.

முதலில் பெயரைப் பாருங்கள். மானாமதுரை பாலகிருஷ்ணன் சீனிவாசன். பிறந்தது 1925 செப்டம்பர் 19, சித்தூரில். ஆனால் பெயரின் முதலெழுத்து மானாமதுரை! மண்ணைக் கையாளுகிற உங்களுக்கு மானாமதுரை என்றால் என்ன என்று சொல்ல வேண்டியதில்லை. கச்சேரி மேடையில் வித்வான் வயிற்றோடு அணைத்துத் தட்டுகிறாரே, அந்தக் கடம் பிறக்கிற ஊர். குளத்து மண்ணை மிதித்து, தட்டித் தட்டிக் கனம் சேர்த்து, சுருதி தப்பாமல் சுட்டு எடுக்கிறார்கள். ஒரு குடம் தண்ணீர் மொள்ளுவதற்குப் போகிறது. இன்னொரு குடம் சங்கீத சபைக்குப் போகிறது. இரண்டும் ஒரே மண்தான். கடம் வாசிப்பவருக்கு மாலை விழுகிறது. செய்தவருக்கு? வெகு காலத்துக்கு எதுவுமில்லை. அண்மைக் காலத்தில்தான் கடம் செய்யும் குடும்பத்து அம்மையார் ஒருவருக்குச் சங்கீத நாடக அகாதெமி விருது தந்து கண் திறந்தது. செய்தவர் பெயர் தெரியாத இந்தச் சங்கதியை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பிறகு வேண்டியிருக்கும்.

வசதியான பிராமணக் குடும்பத்தில் பிறந்தவர் எம்.பி.எஸ். சென்னை மாநிலக் கல்லூரியில் படித்தார். சங்கீதம் அவருக்கு வீட்டுச் சொத்து மாதிரி வந்தது. நாற்பதுகளின் மாணவர் இயக்கம் அவரைத் தெருவுக்கு இழுத்துக்கொண்டு வந்தது. அது என்ன காலம்? 1943-ல் வங்கத்தில் பஞ்சம் லட்சம் லட்சமாக ஜனங்களைக் கொன்றது. அதே வருஷம் பம்பாயில் இந்திய மக்கள் நாடக மன்றம், இப்டா, அமைப்பாக உருவெடுத்தது. படித்த பிள்ளைகள் துண்டை விரித்துப் பிடித்துக்கொண்டு, பஞ்சத்தைப் பாட்டாகப் பாடி, ஊர் ஊராக அரிசியும் பணமும் சேர்த்தார்கள். பாட்டு அன்றைக்கு அலங்காரம் அல்ல. கஞ்சித் தொட்டிக்கு அரிசி கொண்டு வந்து சேர்த்த வண்டி. அந்தக் காற்றைச் சுவாசித்தவர்தான் எம்.பி.எஸ். பிறகு டில்லிக்குப் போய், ஏ.கே. கோபாலனுக்குச் செயலாளராக வேலை பார்த்தார். 1952 தேர்தலுக்குப் பின் நாடாளுமன்றத்தில் எதிர்க்கட்சி வரிசையின் பெரிய குழுவுக்குத் தலைவர் ஏ.கே.ஜி. மனுக்கள், புள்ளிவிவரங்கள், உழவன் கடிதம், தொழிலாளி தந்தி என்று குவிகிற மேஜை அது. சுரங்களைக் கற்ற கை அந்த மேஜையிலும் எழுதிப் பழகியது.

அவர் கைப்பிடித்த அம்மையார் ஜாஹிதா கிச்சலு. யாருடைய மகள் தெரியுமா? 1919 ஏப்ரல் 10-ம் நாள் அமிருதசரசில் டாக்டர் சைபுதீன் கிச்சலுவையும் டாக்டர் சத்யபாலையும் வெள்ளைக்காரன் பிடித்துக்கொண்டு போனான். அதைக் கண்டித்து ஏப்ரல் 13-ம் நாள் கூடிய கூட்டத்தின் மீதுதான் ஜாலியன்வாலா பாக்கில் டயர் சுட்டான். அந்தக் கிச்சலுவின் மகள் ஜாஹிதா. தமிழ்ப் பிராமணப் பிள்ளையும் காஷ்மீர வமிசத்து முஸ்லிம் பெண்ணும் கலியாணம் செய்துகொண்டார்கள். இன்றைக்கே இப்படி ஒரு கலியாணம் என்றால் ஊர் இரண்டாகிறது. அன்றைக்கு அவர்கள் அதை ஒரு பெரிய சமாச்சாரமாகத் தமுக்கடிக்கவில்லை. வாழ்ந்து காட்டினார்கள்.

இனி சினிமாவுக்கு வருவோம். 1960-ல் 'பாதை தெரியுது பார்' என்று ஒரு படம் வந்தது. எடுத்தவர் வங்காளத்தைச் சேர்ந்த நிமாய் கோஷ். தேசப் பிரிவினையால் வேரோடு பிடுங்கப்பட்ட அகதிகளின் கதையை 1950-ல் 'சின்னமூல்' என்ற படமாக எடுத்துவிட்டு, பிழைப்புக்குச் சென்னை வந்து, இங்கேயே தங்கி, நம்மில் ஒருவராகிப் போன மனிதர். அவருடைய இந்தத் தமிழ்ப் படத்துக்கு எம்.பி.எஸ். இசை. பாட்டெழுதியவர்கள் யார்? பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம், படம் வெளிவரும் முன்பே, 1959 அக்டோபரில், இருபத்தொன்பது வயதில் மறைந்துவிட்டார். கே.சி.எஸ். அருணாசலம். அப்புறம், நம் மாவட்டத்துப் பிள்ளை ஒருவர்! கடலூர் மஞ்சக்குப்பத்தில் பிறந்து, கட்சி அலுவலகத்தையே பள்ளிக்கூடமாகக் கொண்டு வளர்ந்த ஜெயகாந்தன். தென்னங்கீற்றை ஊஞ்சலாக்கி அவர் எழுதிய பாட்டைத் தமிழ்நாட்டில் கேட்காத காது உண்டா? பி.பி. ஸ்ரீநிவாசும் எஸ். ஜானகியும் பாடினார்கள். அதில் பெரிய வாத்திய ஆரவாரம் கிடையாது. குரலுக்கு இடம் விட்டு ஒதுங்கி நிற்கிற இசை அது. கீற்று அசைகிற அளவுக்கு மேல் அசையாது.

படத்துக்குத் தேசிய விருதில் தகுதிச் சான்று கிடைத்தது. ஆனால் ஓடவில்லை. ஒளிவு மறைவில்லாமல் சொல்லிவிட வேண்டும்: தொழிலாளியைப் பற்றிய படத்தைத் தொழிலாளிகளே போதுமான அளவு பார்க்கவில்லை. முதலாளிகள் மீது மட்டும் பழி போட்டுவிட்டுத் தூங்கப் போவது நமக்கு வழக்கமாகிவிட்டது. கொட்டகை யார் கையில் இருக்கிறது என்பது உண்மையான பிரச்சினைதான். ஆனால் கொட்டகைக்குப் போனவர்களை அந்தப் படம் முழுக்கப் பிடித்து வைத்ததா என்பதும் பிரச்சினைதான். பாட்டுகள் பிழைத்துக்கொண்டன. படம் பெட்டிக்குள் போயிற்று.

அதன் பிறகு தமிழ் சினிமா எம்.பி.எஸ்ஸுக்குப் பெரிதாக இடம் கொடுக்கவில்லை. 'தாகம்', 'மதன மாளிகை' என்று எண்ணிச் சொல்லக்கூடிய படங்கள்தாம். அவருக்குச் சோறு போட்டதும் சிறப்புச் செய்ததும் மலையாள நாடு. இது தமிழ்நாட்டுக்குப் பெருமை தருகிற விஷயமல்ல.

மலையாளத்தில் நடந்ததில் ஒரே ஒரு நாளை மட்டும் விரித்துச் சொல்கிறோம். 1961 நவம்பர் 14. சென்னை பரணி ஸ்டூடியோ. 'கால்பாடுகள்' என்ற படத்துக்கான ஒலிப்பதிவு. மைக்கின் முன்னால் இருபத்தொரு வயதுப் பையன் ஒருவன் நிற்கிறான். சினிமாவில் அதற்கு முன் பாடியதில்லை. கொச்சியில் ஏழைக் கிறிஸ்தவக் குடும்பத்துப் பிள்ளை. பாட வேண்டியது நாராயண குருவின் வரிகள். சாதி வேற்றுமையும் மதப் பகையும் இல்லாமல் எல்லோரும் உடன்பிறந்தாராக வாழ வேண்டும் என்ற கருத்து. எழுதியது தீண்டாமையின் கொடுமையைக் கண்ட ஈழவ ஞானி. மெட்டமைத்தது பூணூல் குடும்பத்தில் பிறந்த பொதுவுடைமைக்காரர். பாடியது கிறிஸ்தவப் பையன். பையனின் பெயர் கே.ஜே. யேசுதாஸ்! அதற்குப் பிறகு அவர் எத்தனை ஆயிரம் பாட்டுப் பாடினார் என்பது உலகறிந்தது. முதல் பாட்டு இதுதான்.

அடூர் கோபாலகிருஷ்ணனின் 'சுயம்வரம்' 1972-ல் வந்தது. 'எலிப்பத்தாயம்' 1981, 'முகாமுகம்' 1984, 'அனந்தரம்' 1987. எல்லாவற்றுக்கும் எம்.பி.எஸ். இசை. கவிஞர் ஓ.என்.வி. குறுப்போடு சேர்ந்து அவர் தந்த பாடல்களை மலையாளிகள் இன்றும் முணுமுணுக்கிறார்கள். 'முகாமுகம்' பற்றி ஒரு வார்த்தை. ஒரு கம்யூனிஸ்டுத் தலைவர் பல வருஷம் கழித்துத் திரும்பி வந்து, பேசாமல் தூங்கிக்கொண்டே இருக்கிறார் என்பது கதை. கேரளத்தில் தோழர்களில் பலருக்கு அந்தப் படம் பிடிக்கவில்லை, கோபம் வந்தது. அதற்கும் இசையமைத்தவர் நம் எம்.பி.எஸ்தான். கட்சிக்காரன் பாராட்டுகிற படத்துக்கு மட்டும்தான் வாசிப்பேன் என்று அவர் இருக்கவில்லை. நமக்கு அதில் வருத்தமில்லை.

அவர் நடித்தும் இருக்கிறார். ஜான் ஆபிரகாம் 1977-ல் எடுத்த 'அக்கிரகாரத்தில் கழுதை' படத்தில், தாயில்லாக் கழுதைக் குட்டியை வீட்டுக்குக் கொண்டு வந்து வளர்க்கிற பேராசிரியராக வருகிறவர் எம்.பி.எஸ். சிறந்த தமிழ்ப் படம் என்று தேசிய விருது பெற்ற படம் அது.

தோழர்களே, இதுவரை சொன்னதெல்லாம் எந்தச் சினிமாப் பத்திரிகைக்காரரும் சொல்லக்கூடியதுதான். இனிச் சொல்லப் போவதற்காகத்தான் நாம் விருத்தாசலத்துக்கு வந்தோம்.

அந்தக் காலத்து ஒலிப்பதிவுக் கூடத்தை ஒரு நிமிஷம் கண்முன் கொண்டு வாருங்கள். வயலின்காரர்கள் இருபது பேர், முப்பது பேர். குழல், கிளாரினெட், தபேலா, மிருதங்கம், சித்தார், கிதார். எல்லோரும் ஒரே கூடத்தில். பாடகரும் அங்கேயே. இன்றைக்கு மாதிரி குரலைத் தனியாகவும் தாளத்தைத் தனியாகவும் பதிந்து ஒட்டிக்கொள்ள முடியாது. ஒருவர் வில் ஒரு தடவை சறுக்கினால் அத்தனை பேரும் முதலிலிருந்து வாசிக்க வேண்டும். ஓட்டமாக ஓடிய பாட்டு ஒரு இருமலால் நாசமாகும். காலையில் உட்கார்ந்தவர்கள் இருட்டும் வரை எழுந்திருக்க மாட்டார்கள். படம் வெளியாகும். திரையில் பெயர்கள் வரும். இசை இன்னார் என்று வரும். வாசித்த நாற்பது பேரின் பெயர்? வராது. மானாமதுரைக் கடத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளச் சொன்னோமே, அது இதற்காகத்தான்.

உங்களுக்கும் இது தெரிந்த கதை. நெய்வேலிப் பக்கத்து வெள்ளைக் களிமண்ணைக் கூழாகக் கரைத்து, சுண்ண அச்சில் ஊற்றி, அச்சு நீரை உறிஞ்சும் வரை காத்திருந்து, பிசிறு சீவி, மெருகு தோய்த்து, ஆயிரத்து இருநூறு டிகிரிக்கு மேல் சுட்டு எடுக்கிறீர்கள். வீட்டுக்கு வீடு சுவரில் இருந்த பீங்கான் ஃபியூஸ் கட்டையில் செய்தவன் பெயரை யார் பார்த்தார்கள்? மின்சாரம் நின்றால் மட்டும் அதன் ஞாபகம் வரும்.

இப்படிப் பெயரில்லாமல் கிடந்த வாத்தியக்காரர்களுக்குச் சென்னையில் சங்கம் கட்டியவர் எம்.பி.எஸ். சொல்வது சுலபம். செய்வது எவ்வளவு கடினம் என்பது சங்கம் கட்டிய உங்களுக்குத் தெரியும். வாத்தியக்காரர் விஷயத்தில் கூடுதலாக ஒரு தொல்லை. மில் தொழிலாளிக்குத் தான் தொழிலாளி என்று தெரியும். வயலின் வித்வானுக்குத் தெரியாது! தாம் கலைஞர், சரசுவதி கடாட்சம் பெற்றவர், கூலி பேசுவது இழுக்கு என்று அவர் நினைத்துக்கொண்டிருப்பார். வீட்டு வாடகை பாக்கியிருக்கும், பிள்ளைக்குப் பள்ளிக்கூடச் சம்பளம் கட்டியிருக்க மாட்டார், ஆனாலும் "சங்கம் கிங்கம் எல்லாம் நமக்கு எதற்கு சார்?" என்பார். அந்த மயக்கத்தை உடைக்க வெளியாள் வந்து பிரசங்கம் செய்து பயனில்லை. தாமே இசையமைப்பாளராக, அதாவது அவர்களை வேலைக்குக் கூப்பிடுகிற இடத்தில் இருந்துகொண்டு, அவர்கள் பக்கம் வந்து உட்கார்ந்தார் எம்.பி.எஸ். வேலைக்கு நேரம் உண்டு, நேரத்துக்குக் கூலி உண்டு, கூலி பிச்சையல்ல என்பதை அவர்களுக்குப் பாலபாடமாகச் சொல்லிக் கொடுத்தார். இதற்காகத் தயாரிப்பாளர்கள் அவரை மடியில் வைத்துக் கொஞ்சியிருப்பார்களா? தமிழ் சினிமா அவரை ஏன் அதிகம் கூப்பிடவில்லை என்பதற்கு ஆராய்ச்சி எதுவும் நாம் செய்யவில்லை. நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

நிமாய் கோஷும் சும்மாயிருக்கவில்லை. காமிராக்காரர், விளக்குத் தூக்குகிறவர், படம் வெட்டி ஒட்டுகிறவர் ஆகியோரை ஸ்தாபனமாக்கப் பாடுபட்டார். 'பாதை தெரியுது பார்' படம் ஓடவில்லை என்று சொன்னோம். ஆனால் அந்தப் படத்தில் சேர்ந்த இரண்டு பேர் சென்னை சினிமாத் தொழிலின் சங்கங்களுக்கு அஸ்திவாரம் போட்டவர்களில் முக்கியமானவர்களாக இருந்தார்கள். படத்தின் வசூலை இந்தக் கணக்கில் பார்த்தால் நஷ்டமில்லை.

இன்னொரு நாட்டில் நடந்ததையும் சொல்ல வேண்டும். 1942 ஆகஸ்டு 1-ம் நாள் அமெரிக்க வாத்தியக்காரர் சங்கம் ஒரு வேலைநிறுத்தம் தொடங்கியது. இசைத்தட்டுக் கம்பெனிகளுக்கு இனி வாசிக்க மாட்டோம் என்றார்கள். ஏன்? ஒரு தடவை வாசித்துக் கொடுத்த தட்டு, வானொலியிலும் ஹோட்டலிலும் ஓயாமல் சுழன்றது. நேரில் வாசித்துப் பிழைத்தவர்களின் வயிற்றில் அது மண் போட்டது. இரண்டு வருஷத்துக்கு மேல் நின்றார்கள். கடைசியில், விற்கிற தட்டுக்கு இவ்வளவு என்று வேலையில்லாத வாத்தியக்காரர்களுக்கான நிதிக்குப் பணம் கட்டக் கம்பெனிகள் சம்மதித்தன. இதில் நம் குழுவுக்கு ஒரு பாடம் ஒளிந்திருக்கிறது. வாத்தியக்காரர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது கம்பெனிகள் என்ன செய்தன தெரியுமா? வாத்தியமே இல்லாமல், பாடகரை நிறுத்தி, பின்னால் ஒரு சேர்ந்திசைக் குழுவை 'உம், ஆ' என்று வாய்ப்பாட்டாக முழங்கவிட்டுத் தட்டுப் போட்டன! பாடகர்கள் அந்தச் சங்கத்தில் இல்லை. ஆகவே, சேர்ந்து பாடுவதாலேயே ஒருவன் தொழிலாளி வர்க்கத்தின் தோழனாகிவிட மாட்டான். கருங்காலிக் கூட்டமும் சுருதி சேர்ந்து பாடும்.

இந்தியாவில் பாட்டின் உரிமைக்காக 1969-ல் ஒரு சங்கம், இந்திய நிகழ்த்துரிமைச் சங்கம், தோன்றியது. எம்.பி.எஸ். அதிலும் உழைத்தார். கவிஞரும் இசையமைப்பாளரும் தந்த பாட்டைக் கொட்டகையிலும் ஹோட்டலிலும் பயன்படுத்துகிறவன் அவர்களுக்கு ஒரு பங்கு தர வேண்டும் என்பது கோரிக்கை. வழக்கு உச்சநீதிமன்றம் வரை போய், 1977-ல் தோற்றது. காசு கொடுத்து எழுத வைத்தவன் தயாரிப்பாளன்; வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால் உரிமை அவனுக்கே என்று தீர்ப்பாயிற்று. அந்த அமர்வில் வி.ஆர். கிருஷ்ணய்யர் இருந்தார், 1957-ல் இ.எம்.எஸ். மந்திரிசபையில் அமைச்சராக இருந்த அதே கிருஷ்ணய்யர். சட்டம் இப்படி இருப்பதால் தீர்ப்பு இப்படி. ஆனால் பாடுகிறவனுக்கு இந்தச் சட்டத்தில் ஒன்றுமே இல்லையே என்று அவர் தீர்ப்போடு தனிக் குறிப்பு ஒன்றைச் சேர்த்தார். சட்டம் மாறியது எப்போது? 2012-ல்! படத்தின் பாட்டு கொட்டகைக்கு வெளியே சம்பாதிக்கிற பணத்தில் கவிஞருக்கும் இசையமைப்பாளருக்கும் உள்ள பங்கை எழுதி வாங்கிக்கொண்டு பறிக்க முடியாது என்று அப்போதுதான் வந்தது. தோற்ற வழக்குக்கு முப்பத்தைந்து வருஷம் கழித்து. எம்.பி.எஸ். அதைப் பார்க்க உயிரோடு இல்லை.

இனிச் சேர்ந்திசைக்கு வருவோம். இப்டாவில் வளர்ந்த சலில் சௌத்ரி 1958-ல் பம்பாய் இளைஞர் சேர்ந்திசைக் குழுவைத் தொடங்கினார். அதே வருஷம் கல்கத்தாவிலும் ஒன்று எழுந்தது. அந்த வரிசையில், எழுபதுகளை ஒட்டிய ஆண்டுகளில், எம்.பி.எஸ். சென்னை இளைஞர் சேர்ந்திசைக் குழுவை உண்டாக்கினார். சினிமாப் பாடகர்களைக் கூட்டி வைத்து அல்ல. வெவ்வேறு வேலை பார்க்கிற, பாட்டைப் பிழைப்பாகக் கொள்ளாத சாதாரண மனிதர்களைக் கொண்டு. பாரதியைப் பாடினார்கள். இந்தியாவின் பல மொழிகளில் பாடினார்கள். ஒரு படத்துக்கு இசையமைத்தால் கிடைக்கும் பணத்தில் ஒரு பங்கு கூட இதில் கிடைக்காது. ஆனாலும் தம் கடைசி இருபது வருஷத்தின் உயிரை இதில்தான் வைத்தார்.

நம் நாட்டுச் சங்கீதம் தனி ஆளின் சங்கீதம். ஒரு வித்வான் பாடுவார்; மற்றவர் பக்கவாத்தியம்; ஜனங்கள் தலையாட்டுவார்கள். கோயில் பஜனையில் கூட்டமாகப் பாடுவது உண்டு. நடவு வயலில் பெண்கள் சேர்ந்து பாடுவது உண்டு. ஆனால் எல்லோரும் ஒரே அடியைத்தான் பாடுவார்கள். சேர்ந்திசை வேறு. ஒரு பகுதியார் மேலே பாடும்போது இன்னொரு பகுதியார் கீழே வேறு அடியைப் பாடுவார்கள். இரண்டும் முட்டிக்கொள்ளாமல் ஓட வேண்டும். ராகத்துக்கு விரோதமில்லாமல் இதைச் செய்வது பெரிய வித்தை. அதைவிடப் பெரிய வித்தை ஒன்று உண்டு. நல்ல குரல் படைத்தவன் தன் குரலை அடக்கப் பழக வேண்டும். குரல் எழும்பாதவன் தயங்காமல் வாய் திறக்கப் பழக வேண்டும். மூச்சு எங்கே வாங்குவது என்பதைக்கூடப் பக்கத்தில் நிற்கிறவனோடு பேசி வைத்துக்கொள்ள வேண்டும். எல்லோரும் ஒரே இடத்தில் மூச்சு வாங்கினால் பாட்டு நடுவில் செத்துப்போகும். இதைச் சங்கக் கூட்டத்தில் சொன்னால் யாரும் ஆட்சேபிக்க மாட்டார்கள். செய்து பார்க்கச் சொன்னால்தான் தெரியும்.

இங்கே நம் இயக்கத்தைப் பற்றியும் ஒரு குறை சொல்ல வேண்டியிருக்கிறது. நம் கூட்டங்களில் பாட்டு எப்போது நடக்கிறது? பேச்சாளர் வந்து சேரும் வரை! ரயில் தாமதம் என்றால் இன்னும் இரண்டு பாட்டு. தலைவரின் கார் விளக்கு தெரிந்ததும் மேடையிலிருந்து கையைக் காட்டுவோம். பாடுகிறவன் சரணத்தின் பாதியில் விழுங்கிக்கொண்டு இறங்குவான். நாமும் எத்தனையோ மேடைகளில் அப்படிக் கையைக் காட்டியவர்கள்தாம். இன்று மாலையும் நாம் இரண்டு டிக்கெட் மாறி வந்து சேர்ந்தபோது, அந்தச் சின்னப் பெண் பாட்டை நிறுத்திவிட்டு எழுந்து நின்றாள்.

1988-ல் எம்.பி.எஸ். லட்சத்தீவுக்குப் போனார். தீவில் இருந்த அந்த நாளில், மார்ச் 9-ம் தேதி, காலமானார். வயது அறுபத்திரண்டு. அவர் உண்டாக்கிய சென்னைக் குழு அவருக்குப் பிறகும் பாடியது. ஒலிப்பதிவுக் கூடங்களில்தான் நிலைமை மாறிற்று. மின்விசைப் பலகை வந்தது. ஒரே ஆள் முப்பது வயலினை விரல் நுனியில் எழுப்பினார். பிறகு கம்ப்யூட்டர். இப்போது மனிதக் கையே படாமல் பாட்டுச் செய்கிற செயற்கை அறிவு. உங்களுக்கு நேர்ந்ததும் இதுதானே? பீங்கான் ஃபியூஸ் கட்டை இருந்த சுவரில் எம்.சி.பி. வந்து உட்கார்ந்தது. பீங்கான் கோப்பை இருந்த கையில் பிளாஸ்டிக்கும் காகிதமும் வந்தன.

டீக்கடைப் பெரியவரின் கேள்விக்கு வருவோம். பாட்டு சூளையைப் பற்றவைக்காது. இதை மறைக்க வேண்டாம். ஆர்டர் கொண்டு வராது, எரிபொருள் விலையைக் குறைக்காது. எம்.பி.எஸ்ஸின் குழு எந்த வாத்தியக்காரருக்கும் கூலி வாங்கிக் கொடுக்கவில்லை. அதற்குச் சங்கம் தனியாக வேண்டியிருந்தது. சங்கம் எந்தப் பிள்ளைக்கும் பாடச் சொல்லிக் கொடுக்கவில்லை. அதற்குக் குழு தனியாக வேண்டியிருந்தது. அவர் ஒன்றைச் செய்துவிட்டு இன்னொன்றை ஒத்திப் போடவில்லை. பெரியவரே, நீங்கள் இங்கே வந்திருக்கிறீர்கள், பின்வரிசையில் நிற்கிறீர்கள், பார்த்துக்கொண்டுதான் இருக்கிறோம். சூளை எரியும் நாளில் உங்களுக்குப் பாட நேரமிருக்காது. அணைந்த நாளில் பக்கத்துப் பட்டறைக்காரன் முகத்தைப் பார்க்கவே ஒருவருக்கொருவர் கூச்சப்பட்டுக்கொண்டு வீட்டுக்குள் இருக்கிறீர்கள் என்று சங்கச் செயலாளர் சொன்னார். அந்த நாளின் மாலை ஒரு மணி நேரத்தைத்தான் இந்தக் குழு உங்களிடம் கேட்கிறது. ஆர்டர் போன கதையும் பாக்கி வராத கதையும் அங்கேதான் முதலில் பேச்சுக்கு வரும். பிறகு சங்கத்துக்கு வரும்.

ஏற்பாடு இப்படி: வாரம் இரண்டு நாள், மாலை ஏழு மணி. பெண்கள் வீட்டு வேலை முடித்து வருவதற்காக ஏழரை என்று வைத்தாலும் சரி. முதல் மாதம் பாட்டு எதுவும் வேண்டாம். சுருதிப் பெட்டியை வைத்துக்கொண்டு ஒரே சுரத்தில் நின்று பழகுங்கள். குரல் சரியில்லை என்று யாரையும் திருப்பி அனுப்பாதீர்கள். தலைவர் அவர்களிடம் ஒரு வேண்டுகோள். நாம் வந்தபோது பாதியில் நின்றுபோன பாட்டை அந்தப் பெண் விட்ட இடத்திலிருந்து பாடட்டும். நாம் கீழே இறங்கி உட்காருகிறோம்.